பெயரில் மட்டும் மிஞ்சிய ‘வெள்ளி’: நம் பாட்டிமார் டின்னில் சேர்த்த நாணயங்களின் கதை

ஜெஞ்சாரோம்: “அண்ணே, நாசி லெமாக் எவ்வளவு?” “மூணு வெள்ளி.” ஒவ்வொரு நாளும் நம் வாயில் வந்துபோகும் சொல் இது. தமிழ்நாட்டிலிருந்து வரும் உறவினர் இதைக் கேட்டுத் திகைப்பதும் உண்டு. காகித நோட்டைக் கொடுத்துவிட்டு வெள்ளி என்கிறார்களே என்று அவர்களுக்கு வியப்பு. ஆனால் நம் முன்னோர் இந்தச் சொல்லைப் பழகிய காலத்தில் அது வெறும் பெயராக இல்லை. கையில் வாங்கிய ஒரு வெள்ளியில் உண்மையாகவே 24 கிராம் வெள்ளி இருந்தது. அது 18 கிராம் ஆகி, பிறகு 8 கிராம் ஆகி, கடைசியில் ஒன்றுமில்லாமல் போனது. ஒவ்வொரு முறையும் அதைக் குறைத்தது அரசாங்கம், அதுவும் முறைப்படி ஆணை போட்டு.

இதை எழுதக் காரணம் ஒரு பிஸ்கட் டின். கடந்த தீபாவளிக்கு முன் வீட்டைச் சுத்தம் செய்தபோது, பாட்டியின் மர அலமாரிக்குப் பின்னாலிருந்து துருப்பிடித்த அந்த டின் கிடைத்தது. உள்ளே துணியில் முடிந்த பழைய நாணயங்கள். கொள்ளுத்தாத்தா திருச்சிப் பக்கத்திலிருந்து இங்கே பால்மரத் தோட்டத்துக்கு வந்து சேர்த்தவை என்று அப்பா சொன்னார். அவற்றில் சிலவற்றை அத்தை சில ஆண்டுகளுக்கு முன்பே ஒரு கடையில் விற்றிருந்தார். கடைக்காரர் தராசில்கூடப் போடவில்லையாம். “எல்லாம் ஒரு வெள்ளிக் காசுதானேம்மா” என்று எண்ணிப் பார்த்து ஒரே விலை கொடுத்திருக்கிறார்.

மிச்சமிருந்த மூன்று ‘ஒரு வெள்ளி’ நாணயங்களைக் கேக் செய்யும் டிஜிட்டல் தராசில் நான் வைத்துப் பார்த்தேன். 1904 என்று போட்டிருந்தது 26.9 கிராம். 1907 என்று போட்டிருந்தது 20.2 கிராம். 1920 என்று போட்டிருந்தது 16.8 கிராம். மூன்றிலும் ஒரு டாலர் என்றுதான் எழுதியிருக்கிறது. எடை ஏன் இப்படி இறங்கிக்கொண்டே வந்தது? அத்தை விற்றபோது இழந்தது எவ்வளவு?

எடைக்கு எடை பணம்

பிரிட்டிஷார் காலத்தில் பினாங்கு, மலாக்கா, சிங்கப்பூர் மூன்றும் நீரிணைக் குடியேற்ற மாநிலங்கள் எனப்பட்டன. அங்கு புழங்கிய பணமே சிலாங்கூரிலும் புழங்கியது. ஆனால் 1903 வரை இந்த வட்டாரத்துக்கென்று சொந்த ஒரு வெள்ளி நாணயம் கிடையாது. மெக்சிகோ நாட்டு வெள்ளி நாணயமும், 1895 முதல் அச்சிடப்பட்ட பிரிட்டிஷ் வணிக டாலரும்தான் சந்தையில் ஓடின. அதற்கும் முன்னே ஸ்பெயின் நாட்டு நாணயம். அதன் ஓரத்தில் இருந்த பல்பல்லான வெட்டுகளால்தான் மலாய் மொழியில் ‘ரிங்கிட்’ என்ற பெயரே வந்தது. மலாய்க்காரர்கள் ஓரத்தைப் பார்த்துப் பெயர் வைத்தார்கள். நாம் உலோகத்தைப் பார்த்துப் பெயர் வைத்தோம்.

அந்த நாணயத்தின் மதிப்பு அதிலிருந்த உலோகத்தின் மதிப்பேதான். உலகச் சந்தையில் வெள்ளி விலை ஏறினால் பணத்தின் மதிப்பு ஏறும், இறங்கினால் இறங்கும். 1870-களில் ஜெர்மனி முதலான நாடுகள் வெள்ளியைக் கைவிட்டுத் தங்கத்துக்கு மாறின. வெள்ளி விலை சரியத் தொடங்கியது. ஒரு காலத்தில் 4 ஷில்லிங்குக்கு மேல் மதிப்பிருந்த ஒரு வெள்ளி, 1902 இறுதியில் ஒன்றரை ஷில்லிங் அளவுக்கு விழுந்துவிட்டது. லண்டனிலிருந்து பொருள் வாங்கும் வணிகருக்கும், சம்பளத்தைத் தாய்நாட்டுக்கு அனுப்பும் அதிகாரிகளுக்கும் இது பெரிய இடி.

அதனால் சர் டேவிட் பார்பர் தலைமையில் லண்டனில் ஒரு குழு அமைக்கப்பட்டது. அதன் பரிந்துரைப்படி, 1903 ஜூன் 25-ஆம் தேதி மன்னரின் மன்றம் வழியாகப் பிறந்த ஆணையால் ‘நீரிணை டாலர்’ வந்தது. எட்டாம் எட்வர்டுக்கு முந்தைய எட்வர்டு, அதாவது ஏழாம் எட்வர்டு மன்னரின் தலை ஒரு பக்கம். மறுபக்கம் கொடிப் பின்னல் போன்ற வேலைப்பாட்டின் நடுவே சீன எழுத்தும் ஜாவி எழுத்தும். எடை 26.95 கிராம். அதில் நூற்றுக்கு 90 பங்கு வெள்ளி. ஆகவே சுத்த வெள்ளி 24 கிராமுக்குச் சற்று மேல். பம்பாய் நாணயசாலையில் இவை பெருமளவில் அச்சாகிக் கப்பலில் வந்தன. மறு ஆண்டே மெக்சிகோ நாணயமும் வணிக டாலரும் செல்லாமல் ஆக்கப்பட்டன.

1906 ஜனவரியில் அடுத்த படி. ஒரு வெள்ளிக்கு 2 ஷில்லிங் 4 பென்ஸ் என்று மதிப்பு நிலையாக்கப்பட்டது. 60 வெள்ளி கொடுத்தால் 7 பவுண்டு. அன்றிலிருந்து நம் பணம் வெள்ளியின் விலையோடு ஆடாது, பவுண்டோடு கட்டப்பட்டது.

அரசாங்கத்துக்கே வந்த சிக்கல்

இங்கேதான் கதை திரும்புகிறது. பணத்தின் மதிப்பை 2 ஷில்லிங் 4 பென்ஸ் (28 பென்ஸ்) என்று கட்டிப்போட்டாயிற்று. ஆனால் நாணயத்துக்குள் இருக்கும் வெள்ளியின் விலையை யாராலும் கட்டிப்போட முடியாது.

ஒரு சின்னக் கணக்கு. அக்காலத்தில் லண்டனில் வெள்ளியை அவுன்ஸுக்கு இத்தனை பென்ஸ் என்று விலை சொல்வார்கள். அது நூற்றுக்கு 92.5 பங்கு தூய்மையுள்ள வெள்ளிக்கான விலை. 1903-ஆம் ஆண்டு நாணயத்தில் இருக்கும் வெள்ளியை அந்தக் கணக்கில் பார்த்தால், அவுன்ஸ் 33 பென்ஸைத் தாண்டினால் போதும். நாணயத்தின் முகத்தில் எழுதிய மதிப்பைவிட அதன் உடம்பில் இருக்கும் உலோகம் விலை கூடிவிடும்.

அப்படி ஆனால் என்ன நடக்கும்? புத்தியுள்ள வணிகன் நாணயத்தைக் கடையில் செலவழிக்க மாட்டான். மூட்டை கட்டி, உருக்கி, உலோகமாக விற்பான். ஊரில் சில்லறைப் பணமே இல்லாமல் போகும். தோட்டத்தில் சம்பளம் போட நாணயம் இருக்காது.

1906-இன் பிற்பகுதியில் வெள்ளி விலை அந்த எல்லையைத் தொட்டது. நாணயத்தை வெளியே கொண்டுபோகத் தடை இருந்தும், விலை இப்படிப் போனால் தடை எத்தனை நாள் நிற்கும்? அதனால் 1907-இல் நாணயத்தின் எடையைக் குறைத்தார்கள். 416 கிரெய்ன் இருந்தது 312 கிரெய்ன் ஆனது. கிராமில் சொன்னால் 26.95-லிருந்து 20.21. தூய்மை அதே 90 பங்கு. அளவும் சுருங்கியது. மூன்று பழைய நாணயத்தை உருக்கினால் நான்கு புதிய நாணயம் அச்சடிக்கலாம் என்று மனத்தில் வைத்துக்கொண்டால் கணக்கு எளிது. பழைய பெரிய நாணயங்கள் திரும்பப் பெறப்பட்டுச் சிறியவையாக மாற்றப்பட்டன. எங்கள் டின்னில் இருந்த 1904 நாணயம் அப்படித் திரும்பிப் போகாமல் தப்பிய ஒன்று.

இப்போது உருக்குவது இலாபமாக வேண்டுமானால் வெள்ளி விலை அவுன்ஸ் 44 பென்ஸுக்கு மேல் போக வேண்டும். அது நடக்காது என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள்.

முதல் உலகப் போர் வந்தது

போர்க் காலத்தில் உலகெங்கும் நாணயத் தேவை பெருகியது. இந்தியாவிலிருந்து பிரிட்டன் வாங்கிய பொருளுக்கெல்லாம் வெள்ளி ரூபாயில்தான் பணம் போனது. வெள்ளி கிடைக்காமல் தவித்த பிரிட்டனுக்குக் கைகொடுக்க, 1918-இல் அமெரிக்கா பிட்மன் சட்டம் என்ற ஒன்றை இயற்றித் தன் கையிருப்பிலிருந்த கோடிக்கணக்கான வெள்ளி டாலர்களை உருக்கி இந்தியாவுக்கு அனுப்பியது. அப்படியும் விலை அடங்கவில்லை. 1920 பிப்ரவரியில் லண்டனில் அவுன்ஸ் 89½ பென்ஸ். 1902-இல் இதே வெள்ளி 22 பென்ஸுக்கும் கீழே கிடந்தது.

இங்கே மலாயாவில் சில்லறைத் தட்டுப்பாடு வந்து, 10 காசுக்குக்கூடக் காகித நோட்டு அடிக்க வேண்டியதாயிற்று. 10 காசு நாணயத்தில் இருந்த வெள்ளி 40 பங்காகக் குறைந்தது. 1919-இல் ஒரு வெள்ளி நாணயமும் மாறியது. எடை 16.85 கிராம், தூய்மை 50 பங்கு மட்டும். சுத்த வெள்ளி எட்டரை கிராமுக்குச் சற்றுக் குறைவு. 1903-இல் இருந்ததில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு.

ஏன் சரியாக அந்த அளவு? மறுபடியும் கணக்குப் போட்டுப் பாருங்கள். இந்தப் புதிய நாணயத்தை உருக்குவது இலாபமாக வேண்டுமானால் வெள்ளி விலை 95 பென்ஸைத் தாண்ட வேண்டும். 89½ வரை போன விலை அதைத் தொடவில்லை. மயிரிழையில் தப்பியது என்றே சொல்லலாம்.

50 காசு நாணயமும் இதே வழியில் போனது. 1907-இல் வந்ததில் 9 கிராம் வெள்ளி. 1920-இல் வந்ததில் 4 கிராமுக்குச் சற்று மேல்.

கூலிக்காரருக்கு நட்டமா?

இதுதான் முக்கியமான கேள்வி. நாணயத்தில் வெள்ளியைக் குறைத்ததால் தோட்டத் தொழிலாளியின் வயிற்றில் அடித்தார்களா?

நேரடியாகப் பார்த்தால் இல்லை. 1904-இன் கனமான வெள்ளிக்கும் 1920-இன் மெலிந்த வெள்ளிக்கும் கடையில் ஒரே மதிப்புதான். இரண்டும் 2 ஷில்லிங் 4 பென்ஸ்தான். கடைக்காரர் நாணயத்தை எடைபோட்டு அரிசி அளக்கவில்லை. 1919-இல் மலாயாவில் அரிசித் தட்டுப்பாடு வந்து விலை ஏறி மக்கள் அவதிப்பட்டது உண்மை. ஆனால் அதற்குக் காரணம் போருக்குப் பிந்தைய விளைச்சல் குறைவும் இந்தியா அரிசி ஏற்றுமதிக்குப் போட்ட கட்டுப்பாடும். நாணயத்தின் எடை அல்ல.

அடி விழுந்தது வேறு இடத்தில், ஊருக்குப் பணம் அனுப்பியவர்களுக்கு.

வெள்ளி விலை ஏறியபோது மலாயாவுக்கும் இந்தியாவுக்கும் ஒரே சிக்கல்தான். இரண்டு இடத்திலும் நாணயம் உருகும் அபாயம். ஆனால் இரண்டு அரசாங்கமும் இரண்டு வழியில் போயின. மலாயா, பணத்தின் மதிப்பை அப்படியே வைத்து உள்ளிருந்த வெள்ளியைக் குறைத்தது. இந்தியா, ரூபாயில் இருந்த வெள்ளியைத் தொடாமல் ரூபாயின் மதிப்பை உயர்த்திக்கொண்டே போனது. போருக்கு முன் 1 ஷில்லிங் 4 பென்ஸ் இருந்த ரூபாய், 1919 மே மாதம் 1 ஷில்லிங் 8 பென்ஸ், செப்டம்பரில் 2 ஷில்லிங், டிசம்பரில் 2 ஷில்லிங் 4 பென்ஸ் என்று ஏறியது.

இப்போது இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். போருக்கு முன் தோட்டத்திலிருந்து ஒரு வெள்ளி அனுப்பினால், வங்கிக் கழிவு போக, கணக்குப்படி ஊரில் 1 ரூபாய் 12 அணா கிடைக்க வேண்டும். 1919 டிசம்பரில் அதே ஒரு வெள்ளிக்கு ஒரே ஒரு ரூபாய். வியர்வை அதே வியர்வை, வெட்டிய பால்மரம் அதே மரம். ஊரில் இருந்த மனைவி மக்கள் கைக்குப் போனது மட்டும் 12 அணா குறைவு. அதாவது ஏழில் மூன்று பங்கு காணாமல் போயிற்று. ரூபாயின் அந்த உயரம் நிலைக்கவில்லை. 1921-க்குள் சரிந்துவிட்டது. 1927-இல் 1 ஷில்லிங் 6 பென்ஸ் என்று சட்டமாக்கினார்கள். ஆனால் அந்த இடைப்பட்ட மாதங்களில் கடன் அடைக்கவும் தங்கச்சி கல்யாணத்துக்கும் பணம் அனுப்பியவர்களுக்கு அந்த 12 அணாவை யாரும் திருப்பித் தரவில்லை.

இரண்டாவது அடி, சேமித்தவர்களுக்கு. நம் ஆட்கள் வங்கியை நம்பவில்லை. நாணயத்தைத் துணியில் முடிந்து பெட்டிக்குள் வைத்தார்கள், அல்லது ஆசாரியிடம் கொடுத்து அரைஞாணாகவும் கொலுசாகவும் உருக்கிக்கொண்டார்கள். 1920-களின் இறுதியில் கிள்ளான் போன்ற பகுதிகளில் ஆணுக்கு நாள் கூலி 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்று நிர்ணயிக்கப்பட்டது. இரண்டு நாள் வேலை செய்து ஓர் ஆண் ஒரு வெள்ளி சேர்த்தால், அதில் எட்டு கிராம் வெள்ளிதான். முதல் தலைமுறைக்காரர் சேர்த்த ஒரு வெள்ளியில் 24 கிராம். பெயர் ஒன்று, எண்ணிக்கை ஒன்று, பெட்டிக்குள் இருந்த சொத்து மட்டும் ஒன்றல்ல.

கடைசி வெள்ளியும் போனது

1938-இல் மலாயாவுக்குப் புதிய நாணய வாரியம் அமைந்தது. 1939 முதல் ஆறாம் ஜார்ஜ் மன்னர் தலையோடு வந்த 5, 10, 20 காசுகளில் 75 பங்கு வெள்ளி. 1943 முதல் 1945 வரை தேதியிட்டவற்றில் 50 பங்கு. விந்தை என்னவென்றால், அந்த ஆண்டுகளில் மலாயா ஜப்பானியர் கையில் இருந்தது. இங்கே மக்கள் கையில் புழங்கியது வாழைமர நோட்டு. 1945-இல் ஜப்பான் சரணடைந்ததும் அந்த நோட்டு வெறும் காகிதமாகிவிட்டது. மூட்டை மூட்டையாக வைத்திருந்தவர்கள் ஏமாந்தார்கள். அடுப்புக்கடியில் பழைய வெள்ளிக் காசைப் புதைத்து வைத்திருந்த பாட்டிமார் ஏமாறவில்லை.

1948-இல் தேதியிட்ட காசுகளிலிருந்து வெள்ளியே இல்லை. செம்பும் நிக்கலும் கலந்த உலோகம். 1967 ஜூன் 12-ஆம் தேதி பேங்க் நெகாரா மலேசியா நம் நாட்டின் சொந்தப் பணத்தை வெளியிட்டபோதும், புழக்கத்துக்கு வந்த சில்லறைகளில் வெள்ளி இல்லை.

இது மலாயாவுக்கு மட்டும் நேர்ந்ததல்ல. பிரிட்டன் 1920-ஆம் ஆண்டு நாணயச் சட்டத்தால் தன் வெள்ளிக் காசுகளை 92.5 பங்கிலிருந்து 50 பங்காக்கியது. 1947-இல் அதையும் எடுத்துவிட்டது. இந்தியா 1940-இல் ரூபாயை 50 பங்காக்கி, 1947-இல் சுத்த நிக்கல் ஆக்கியது. அமெரிக்காவில் 1965 ஜூலையில் அதிபர் ஜான்சன் கையெழுத்திட்ட சட்டம், 10 சென்ட், 25 சென்ட் காசுகளிலிருந்து வெள்ளியை முழுதாக நீக்கி, அரை டாலரில் 90 பங்கை 40 ஆக்கியது. எல்லா இடத்திலும் காரணம் ஒன்றே. உலோகம் முகமதிப்பைத் தாண்டினால் நாணயம் சந்தையில் நிற்காது.

உங்கள் வீட்டு டின்னில் என்ன இருக்கிறது?

ஜெஞ்சாரோம், பந்திங், கேரித் தீவு, தெலுக் பங்ளிமா காராங் என்று தோட்டப் பின்னணியுள்ள பல வீடுகளில் இப்படி ஒரு டின் இருக்கும். விற்கும் முன் இதைக் கவனியுங்கள். ஒவ்வொரு நாணயத்திலும் இருக்கும் சுத்த வெள்ளி ஏறத்தாழ:

ஒரு வெள்ளி, 1903–1904: 24.2 கிராம்.
ஒரு வெள்ளி, 1907 முதல்: 18.2 கிராம்.
ஒரு வெள்ளி, 1919–1920: 8.4 கிராம்.
மலாயா 20 காசு, 1939: 4 கிராம்.
மலாயா 20 காசு, 1943–1945: 2.7 கிராம்.
மலாயா காசுகள், 1948 முதல்: இல்லை.
இந்திய ரூபாய், விக்டோரியா முதல் ஐந்தாம் ஜார்ஜ் வரை: 10.7 கிராம்.
இந்திய ரூபாய், 1940–1945 (50 பங்கு): 5.8 கிராம்.
இந்திய ரூபாய், 1947: இல்லை.

அன்றைய வெள்ளி விலை கிராமுக்கு எவ்வளவு என்று பார்த்து, மேலே உள்ள எண்ணால் பெருக்குங்கள். உதாரணத்துக்குக் கிராம் 5 ரிங்கிட் என்று வைத்துக்கொண்டால், 1904 நாணயத்தில் 121 ரிங்கிட் வெள்ளி, 1920 நாணயத்தில் 42 ரிங்கிட் வெள்ளி. இரண்டையும் “ஒரு வெள்ளிக் காசுதானே” என்று ஒரே விலைக்குக் கொடுத்தால் நட்டம் யாருக்கு என்று தெரிகிறதல்லவா? இது உலோக விலை மட்டுமே. நல்ல நிலையில் இருக்கும் சில ஆண்டு நாணயங்களுக்குச் சேகரிப்பாளர்கள் இதைவிடக் கூடுதலாகவும் கொடுப்பார்கள். எனவே குறைந்தது இரண்டு மூன்று இடங்களில் விலை கேளுங்கள்.

புளி, விபூதி, பல்பொடி போட்டுத் தேய்த்துப் பளபளப்பாக்காதீர்கள். தேய்த்த நாணயத்துக்குச் சேகரிப்பாளரிடம் மதிப்புக் குறையும். காந்தம் வைத்துப் பாருங்கள், ஒட்டினால் அது வெள்ளியல்ல. ஒட்டாவிட்டாலும் எடையைப் பாருங்கள். பழைய ஒரு வெள்ளி நாணயங்களைப் போல் வார்த்த போலிகள் நிறைய உலாவுகின்றன. 1903 என்று போட்டு 20 கிராம் இருந்தால் சந்தேகப்படுங்கள். தேய்மானத்தால் சிறிது குறையலாம், ஆறு கிராம் குறையாது.

அத்தையிடம் இந்தக் கணக்கைக் காட்டினேன். சற்று நேரம் பேசவில்லை. “பெரிசா இருந்ததெல்லாம் நாலோ அஞ்சோ இருந்துச்சுய்யா” என்றார். பிறகு, மிச்சமிருந்த மூன்றையும் துணியில் முடிந்து, ஒரு தாளில் கொள்ளுத்தாத்தா பெயரையும் அவர் வேலை செய்த தோட்டத்தின் பெயரையும் எழுதச் சொல்லி டின்னுக்குள் வைத்தார். தராசில் எடை போட்டுப் பார்த்த எண்களையும் அதிலேயே எழுதியிருக்கிறேன். நாளை அதைத் திறக்கப்போகும் பிள்ளைகள் எண்ணி விற்க வேண்டியதில்லை.